உப்புத் தண்ணீர் வைத்தியம்

ஆசிரியர் அவர்களுக்கு,

கிருமிநாசினி, அதாவது பயிருக்கு அடிக்கும் நஞ்சு மருந்து, அருந்தியவருக்கு ‘உடனே உப்புத் தண்ணீர் பருக்கி வாந்தி எடுக்க வைக்கவும்’ என்று சென்ற ஞாயிறு உங்கள் சுகாதாரப் பக்கம் கட்டளையிட்டிருந்தது. புண்ணியமாய்ப் போகும்! பல திரவ மருந்துகளில் எண்ணெய் வகைக் கரைப்பான் கலந்திருப்பது தாங்கள் அறியாததல்ல. மயங்கும் ஆள் வாந்தி எடுத்தால் அது சுவாசப்பைக்குள் இறங்கும். உப்பு மிஞ்சினால் இரத்தத்தில் சோடியம் ஏறி வலிப்பு வரும். கந்தளாயிலோ மூதூரிலோ இதை வாசித்தவர் 1990 அம்புலன்ஸை அழைக்குமுன் அடுக்களைக்கல்லவா ஓடுவார்?

செய்யவேண்டியது வேறு. நனைந்த உடுப்பைக் கழற்றி, கையுறையோடு சவர்க்காரம் போட்டுத் தோலைக் கழுவி, இடப்பக்கம் சரித்துக் கிடத்த வேண்டும். போத்தலை லேபலோடு பையில் கட்டிக் கொண்டுபோக வேண்டும். ஓர்கனோபொஸ்பேற் வகைப் பூச்சிமருந்து என்றால் அதற்கு மாற்றான அற்றோபின் ஊசி ஏற்றுவார்கள். அடங்காவிட்டால் 5 நிமிடத்துக்கொரு தடவை அளவை இரட்டிப்பார்கள், நெஞ்சுக் கரகரப்பு நிற்கும்வரை. களைநாசினிக்கு அது உதவாது. லேபலை ஒளித்து ‘வயிற்றுக்குத்து’ என்று சொல்லும் வீடுகள் இன்னும் உண்டு, பொலிஸ் பயத்தில். தற்கொலை முயற்சி 1998 முதல் இலங்கையில் குற்றமல்ல என்பதை உங்கள் பத்திரிகை எப்போதாவது எழுதியதுண்டா? ஆள் தெளிந்ததும் வீட்டுக்குப் போகத் துண்டு வெட்டச் சொல்லி நிற்பார்கள். ஆனால் நஞ்சருந்திய 24 முதல் 96 மணித்தியாலத்துக்குள் தலையணையிலிருந்து தலை தூக்க முடியாமல் போனால், அடுத்துச் சோர்வது மூச்சுத் தசை.

நஞ்சருந்துவோரைப் பற்றி ‘இவர்கள் எல்லாரும் மனநோயாளிகள், மருந்தைத் தடை செய்து பயனில்லை’ என்றும் தீர்ப்பு வழங்கியிருந்தீர்கள். மனச்சோர்வுக்கு வைத்தியம் வேண்டும், மறுக்கவில்லை. ஆனால் இங்கு நடந்த ஆய்வுகளில் பலர் அரை மணித்தியாலம்கூட யோசித்திருக்கவில்லை. 1995இல் இலட்சத்துக்கு 47 அளவில் இருந்த தற்கொலை வீதம், கொடிய நஞ்சுகள் ஒவ்வொன்றாகத் தடைப்பட்ட பின் மூன்றிலொன்றாக இறங்கியது. நாட்டில் கவலையா குறைந்தது? போருக்குள்ளேயே அல்லவா இறங்கத் தொடங்கியது! நெல் விளைச்சலும் அதனால் விழவில்லை. மருந்தைப் பூட்டிவைக்க நீங்கள் ஆண்டுதோறும் பரிந்துரைக்கும் பூட்டுப்பெட்டியைத்தான் அநுராதபுரத்தில் 180 கிராமங்களை எடுத்து, பாதிக் கிராமங்களுக்குக் கொடுத்துப் பார்த்தார்கள். 2017இல் வெளியான முடிவின்படி நஞ்சருந்தல் குறையவில்லை.

தற்கொலைச் செய்திகளில் மருந்தின் பெயரை, குடும்பச் சண்டையை, படத்தைப் போடுவதை நிறுத்துங்கள் என்று எழுதிய கடிதங்கள் தங்கள் மேசையில் எங்கோ பத்திரமாக இருக்கும். இப்போது கேட்பது நாலு வரி இடம்தான்: உப்புத் தண்ணீர் வேண்டாம் என்ற திருத்தத்தை அதே பக்கத்தில், அதே எழுத்தளவில் போடுங்கள். அதன் கீழே தேசிய மனநல உதவி இலக்கம் 1926ஐயும் சேருங்கள்.

இப்படிக்கு,
வாசகர் ஒருவர்,
திருகோணமலை.