களிமண் பொம்மையும் வேலூர் வெயிலும்

ஆசிரியருக்கு,

கோடை விடுமுறை இணைப்பில் ஸ்டாப் மோஷன் (பொம்மையைத் துளித்துளியாக நகர்த்தி, ஒவ்வொரு நகர்வையும் படமெடுத்துக் கோத்து அசையவைக்கும் முறை) பற்றி வந்த கட்டுரை, செல்போனும் களிமண்ணும் இருந்தால் போதும் என்று முடித்துவிட்டது. எங்கே உதைக்கும் என்பதையும் பிள்ளைகளுக்குச் சொல்லியிருக்கலாம்.

எங்கள் பக்கத்துக் கரிகிரி ஊர் மண் பானைக்கு அருமை, இதற்கு ஆகாது. காயக் காய மண் சுருங்கும், உள்ளே இருக்கும் கம்பி சுருங்காது. முழங்கையில் விரிசல் விடும். காயாத எண்ணெய்க் களிமண்தான் வேண்டும். அதுவும் நம்ம ஊர் மே மாதத்தில் குழைந்து தலை சாய்ந்துவிடும். தெர்மாகோல் உருண்டைமேல் மண்ணைப் பூசித் தலை செய்தால் பாதித் தொல்லை தீரும். சூடேற்றும் ஹாலஜன் விளக்கு வேண்டாம், எல்இடி போதும்.

பொம்மைக்குள் எலும்பாக நிற்க 1.5 மி.மீ. அலுமினியக் கம்பி இரண்டை முறுக்கிக்கொள்ள வேண்டும். ஸ்பிரிங் கம்பி வளைத்த இடத்தில் நிற்காமல் திமிறும். அலுமினியமும் மடக்கி நிமிர்த்த, மடக்கி நிமிர்த்தக் கணுக்காலில் அறுந்துபோகும். இடுப்பை எம்-சீலில் பிடித்து, கால் கம்பியைச் செருகிக் கழற்ற துளை விட்டுவைத்தால் காலை மட்டும் மாற்றலாம். பாதத்தில் எம்3 (3 மி.மீ. ஸ்க்ரூவுக்கான) நட் ஒன்றைப் பதித்து, ப்ளைவுட் தரைக்கு அடியிலிருந்து ஸ்க்ரூ போட்டு முடுக்குங்கள். இல்லாவிட்டால் பொம்மை ஒற்றைக் காலில் நிற்காது. ஆம்பூர்ப் பக்கம் ஷூ தயாரிப்பில் மிஞ்சும் மெல்லிய லைனிங் தோல் கிடைத்தால், நட்டை மறைக்கச் செருப்பே தைத்துவிடலாம்.

பெரும்பாலும் படத்தைக் கெடுப்பது வெளிச்சம்தான். நொடிக்கு 24 ஃபிரேம். ஒரு படத்தை இரண்டு ஃபிரேமுக்கு நிறுத்தினாலும் நிமிடத்துக்கு 720 படம். அத்தனையிலும் செல்போன் தானாக வெளிச்சத்தைக் கூட்டிக் குறைத்தால் திரை மினுக்கிக்கொண்டே இருக்கும். எக்ஸ்போஷர் (வெளிச்ச அளவு), ஃபோகஸ், வொயிட் பேலன்ஸ் (நிறச் சமன்) மூன்றையும் லாக் செய்யுங்கள். மின்சாரம் 50 ஹெர்ட்ஸ், விளக்கும் அதற்கேற்ப மினுக்கும் என்பதால் ஷட்டர் (ஒரு படத்துக்குக் கேமரா வெளிச்சம் வாங்கும் நேரம்) 1/50 அல்லது 1/25 நொடி இருக்கட்டும். ஜன்னலைக் கறுப்புத் துணியால் அடைத்துவிடுங்கள்; மேகம் ஒன்று கடந்தாலும் வெளிச்சம் மாறும். வெள்ளைச் சட்டையோடு வேலை செய்தால் அதன் பிரதிபலிப்பு பொம்மையின் கன்னத்தில் அலையும்.

களிமண்ணில் பதியும் கைரேகையெல்லாம் வழித்துவிட வேண்டும் என்ற கட்டுரையின் யோசனை மட்டும் எங்களுக்கு ஒப்பவில்லை. 1933-இல் வந்த ‘கிங் காங்’ படத்தில் பொம்மைக் குரங்கின் ரோமம் சிலிர்ப்பது, பொம்மையை நகர்த்தியவர்களின் விரல் பட்டதால்தான். கம்ப்யூட்டர் அனிமேஷனில் இல்லாத ருசி அது. ரேகை இருக்கட்டும், அழுக்குதான் ஆகாது. வெள்ளை மண்ணை முதலில் பிசைந்துவிட்டு, சிவப்பையும் கறுப்பையும் அப்புறம் தொடுங்கள்.

— வாசகர்கள் இருவர்,
சத்துவாச்சாரி, வேலூர்.