ஒய்துஸ் கணவாயைக் காத்தவர்கள்

ஆசிரியர் அவர்களுக்கு,

முதல் உலகப் போர் பற்றித் தங்கள் நாளிதழில் வெளிவந்த கட்டுரை, ருமேனியாவைச் சில மாதங்களில் வீழ்ந்த நாடு என்று ஒரே வரியில் கடந்து சென்றது வருத்தமளிக்கிறது. 1916 ஆகஸ்டில் நேச நாடுகளின் பக்கம் சேர்ந்து ஆஸ்திரிய-ஹங்கேரியின் வசமிருந்த திரான்சில்வேனியாவுக்குள் நுழைந்த ருமேனியப் படை, ஜெர்மானிய, ஆஸ்திரிய-ஹங்கேரியப் படைகளின் எதிர்த்தாக்குதலால் கார்பேத்திய மலைக் கணவாய்களுக்குப் பின்வாங்கியது உண்மையே. ஆனால், கனரகப் பீரங்கிகள் போதாத நிலையிலும் அக்கணவாய்களை வீரர்கள் எளிதில் விட்டுக்கொடுக்கவில்லை. அக்டோபர் இறுதியில், ஜியு ஆற்றுப் பள்ளத்தாக்கு வழியே இறங்கிய ஜெர்மனியின் பவேரியப் படையினர் தர்கு ஜியு நகரின் பாலத்தை நெருங்கியபோது, அங்கு எஞ்சியிருந்த சில வீரர்களுடன் காவலர்களும் பெண்களும் சாரணச் சிறுவர்களும் சேர்ந்து நின்று தடுத்தனர். ருமேனிய முதலாம் ராணுவத்தின் தளபதி யோன் டிரகலினா, போர்முனையைப் பார்வையிடக் காரில் சென்றபோது குண்டடிபட்டு, சில நாள்களில் உயிர் துறந்தார்.

நவம்பரில் ஜியு வழி உடைந்தது. டிசம்பர் 6 அன்று தலைநகர் புக்கரெஸ்டும் வீழ்ந்தது. எனினும், ருமேனியத் தளபதி எரேமியா கிரிகொரெஸ்குவின் 15ஆம் டிவிஷன், 'இவ்வழியே யாரும் கடக்க முடியாது' என்ற முழக்கத்துடன் கிழக்கே மால்டேவியப் பகுதிக்குள் இட்டுச்செல்லும் ஒய்துஸ் கணவாயைக் காத்து நின்றது. அந்த வாயில் அன்று திறந்திருந்தால், அரசரும் அரசாங்கமும் மால்டேவியாவின் யாஷ் நகரில் தஞ்சமடைந்திருக்க முடியாது. டைபஸ் காய்ச்சல் வாட்டிய குளிர்காலத்தைத் தாண்டி, பிரெஞ்சுத் தளபதி பெர்த்தலோ குழுவினரின் பயிற்சியால் மீண்டெழுந்த படை, 1917 ஆகஸ்டில் மரஷெஷ்டி என்ற ஊரில் ஜெர்மானியரை நிறுத்தியிருக்கவும் முடியாது என்பதே என் உறுதியான கருத்து. அடுத்த கட்டுரையிலேனும் அவ்வீரர்களுக்கு உரிய இடமளிக்கக் கேட்டுக்கொள்கிறேன்.

இப்படிக்கு,
வாசகர் ஒருவர்