அலெக்சாண்டர் என்ற பெயரும் கந்தன் என்ற பெயரும்

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். தங்கள் நாளிதழின் ஞாயிறு இணைப்பில் வந்த குழந்தைப் பெயர்ப் பட்டியலில் 'அலெக்சாண்டர்' என்ற பெயருக்கு 'உலகை வென்றவன்' என்று பொருள் கொடுக்கப்பட்டிருந்தது. இதே பெயர்தான் வடக்கே சிக்கந்தர் என்றும் தெற்கே கந்தன் என்றும் திரிந்தது என்று ஒரு குறிப்பும் இருந்தது. இரண்டுமே சரியல்ல. இப்படிப்பட்ட பட்டியலை வெட்டி எடுத்து வைத்துப் பெயர் தேடும் பெற்றோர் நிறைய பேர் இருக்கிறார்கள். பள்ளிப் பிள்ளைகளும் கட்டுரைக்கு இதையே ஆதாரமாக எடுக்கிறார்கள். எனவே திருத்தத்தைக் கொஞ்சம் விரிவாக எழுத வேண்டியிருக்கிறது.

முதலில் பொருள். கிரேக்கத்தில் இப்பெயர் 'அலெக்சந்த்ரொஸ்'. அழுத்தம் 'லெக்' என்ற அசையில் விழும். பெயர் இரண்டு உறுப்புகளால் ஆனது. முன்னுறுப்பு 'அலெக்ஸோ' என்ற வினை. தடுத்து விலக்குதல், விலக்கிக் காத்தல் என்பது அதன் பொருள். பின்னுறுப்பு 'அநேர்', அதாவது ஆடவன், போர்வீரன். இச்சொல் வேற்றுமை ஏற்கும்போது 'அந்த்ர்' என்று மாறும். லிசந்த்ரொஸ், நிகந்த்ரொஸ், கசந்த்ரொஸ் ஆகிய பெயர்களின் கடைசியில் இருப்பதும் இதுவே. பாலி நூலில் 'மிலிந்த' என்று வரும் யவன அரசனின் கிரேக்கப் பெயரான மெனந்த்ரொஸும் இந்த வரிசைதான். இரண்டு உறுப்பில் எதிலும் 'உலகம்' இல்லை, 'வெற்றி'யும் இல்லை. கிரேக்கத்தில் வெற்றியைக் குறிப்பது 'நிகே'. அது நிகந்த்ரொஸில் இருக்கிறது, அலெக்சந்த்ரொஸில் இல்லை. ஒரு மன்னன் பிற்காலத்தில் செய்ததை, அவனுக்குத் தொட்டிலில் வைத்த பெயரின் பொருளாக ஏற்றிவிட்டதுதான் இந்தத் தவறின் வேர்.

பல நூல்களில் காணும் 'மனிதகுலத்தின் பாதுகாவலன்' என்ற விளக்கம் உண்மைக்குப் பக்கத்தில் வருகிறது, ஆனாலும் துல்லியமில்லை. மனிதகுலத்தைக் குறிக்கும் கிரேக்கச் சொல் 'அந்த்ரோபொஸ்'. அது வேறு, 'அநேர்' வேறு. வினையின் இலக்கணத்தையும் பார்க்க வேண்டும். 'அலெக்ஸோ' என்ற வினைக்கு எது விலக்கப்படுகிறதோ அது இரண்டாம் வேற்றுமையில் வரும். யாருக்காக விலக்கப்படுகிறதோ அவர் நான்காம் வேற்றுமையில் வருவார். கிரேக்கத் தெய்வமான அப்பொல்லோவுக்கும் புராண வீரன் ஹெராக்லிஸுக்கும் 'அலெக்சிகாகொஸ்' என்ற அடைமொழி உண்டு. 'தீங்கை விலக்குபவன்' என்று பொருள். நஞ்சு முறிக்கும் மருந்துக்குப் பெயர் 'அலெக்சிபார்மகொன்'. இரண்டிலும் பின்னால் நிற்பது காக்கப்படும் பொருளல்ல, விலக்கப்படும் பொருள். அதே அச்சில் பார்த்தால் அலெக்சந்த்ரொஸ் என்பது 'எதிர்த்து வரும் வீரரைத் தடுத்து நிறுத்துபவன்' ஆகிறது. 'தன் ஆட்களுக்குக் காவலாக நிற்பவன்' என்று கொள்ளும் அறிஞரும் உண்டு. என் பார்வையில் முதல் விளக்கமே வலுவானது. ஆனால் வந்தவனைத் தடுப்பதும் உள்ளவனைக் காப்பதும் களத்தில் ஒரே செயல் என்பதால், 'தடுத்துக் காப்பவன்' என்று தமிழில் எழுதினால் இரண்டும் அடங்கிவிடும். பழங்கிரேக்கரும் அப்படித்தான் புரிந்துகொண்டார்கள். திராய் இளவரசன் பாரிஸ் இடையர்களிடையே வளர்ந்தபோது கொள்ளையரை விரட்டி மந்தையைக் காத்ததால் அவனுக்கு அலெக்சந்த்ரொஸ் என்ற பெயர் வந்தது என்று அப்பொல்லோதோரொஸ் பெயரில் வழங்கும் புராணத் தொகுப்பு சொல்கிறது. திராய்ப் போரைப் பாடும் இலியத் காப்பியம் அவனைப் பாரிஸ் என்பதைவிட அலெக்சந்த்ரொஸ் என்றே அதிகம் அழைக்கிறது.

தமிழ் வாசகருக்கு இங்கே ஒரு பிடிப்பு உண்டு. கிரேக்க 'அலெக்ஸோ'வும் சமஸ்கிருத 'ரக்ஷ்' என்ற வேரும் ஒரே மூதாதை மொழியிலிருந்து பிரிந்தவை. 'அநேர்' என்பதற்கும் 'நர' என்பதற்கும் அதே உறவு. நாம் சொல்லும் 'இரட்சகர்' என்பதன் முதற்பகுதியும், 'நரசிம்மர்' என்பதன் முதற்பகுதியும் அலெக்சாண்டரின் இரண்டு உறுப்புகளுக்கு உடன்பிறப்புகள். கிரேக்கர் இங்கிருந்து வாங்கிப் போனார்கள் என்றோ, நாம் அங்கிருந்து வாங்கினோம் என்றோ இதற்கு அர்த்தமில்லை. இந்தோ ஐரோப்பிய மொழிக் குடும்பத்தின் பொதுச் சொத்து அது.

ஆனால் ஒரு குழந்தைக்கு இந்தப் பெயரை வைத்த கிரேக்கத் தந்தை பொருளை எண்ணித்தான் வைத்தான் என்று நினைத்துவிடக் கூடாது. கிரேக்கர் பெயர் உறுப்புகளைக் கழற்றி மாட்டுவார்கள். கி.மு. 423இல் ஏதென்ஸில் அரங்கேறிய அரிஸ்தோபனிஸின் 'மேகங்கள்' நாடகத்தில் இதற்கு அருமையான காட்சி இருக்கிறது. மகனுக்குப் பாட்டனார் பெயரான பெய்தோனிதிஸ் வேண்டும் என்கிறான் தகப்பன். செல்வக் குடும்பத்துப் பெண்ணான தாய், குதிரையைக் குறிக்கும் 'ஹிப்பொஸ்' எப்படியாவது பெயரில் இருக்க வேண்டும் என்கிறாள். கடைசியில் இரண்டையும் ஒட்டிப் 'பெய்திப்பிதிஸ்' என்று வைக்கிறார்கள். முன்பாதி சிக்கனம், பின்பாதி குதிரை! குதிரை வளர்ப்பதோ பெருஞ்செலவு. பொருளைத் தேடினால் சிரிப்புதான் வரும்; குடும்ப உரிமையைத் தேடினால் எல்லாம் விளங்கும். மூத்த மகனுக்குத் தந்தைவழிப் பாட்டன் பெயரை வைப்பதே பரவலான வழக்கம். ஏதென்ஸில் பிறந்த பத்தாம் நாள் விருந்தில் பெயர் அறிவிக்கப்படும். குடும்பப் பெயர் என்று தனியாக எதுவும் கிடையாது. தன் பெயர், பிறகு தந்தை பெயர் ஆறாம் வேற்றுமையில், அதன்பின் ஊர்ப்பகுதி என்று எழுதுவார்கள். பாட்டன் பெயரைப் பேரனுக்கு வைக்கும் வழக்கம் இன்றைய கிரேக்கத்திலும் தொடர்கிறது. அங்கே அலெக்சந்த்ரொஸ் என்று பெயருள்ளோர் ஆகஸ்ட் 30ஐப் பெயர்நாளாக, அதாவது தம் பெயர் கொண்ட புனிதரின் நாளாக, கொண்டாடுகிறார்கள்.

இனி வரலாறு. நமக்குத் தெரிந்த மாவீரன் பெல்லா நகரில் பிறந்தது கி.மு. 356இல். பெயர் அதற்கு ஏறக்குறைய 900 ஆண்டு மூத்தது. தென்கிரேக்கத்தின் பழைய நகரமான மிகெனேயில் கிடைத்த, கி.மு. 13ஆம் நூற்றாண்டைச் சேர்ந்த களிமண் பலகை ஒன்றில் பெண்களின் பெயர்ப் பட்டியல் இருக்கிறது. அதில் ஒரு பெயர் 'அ-ரெ-க-ச-த-ர'. 1952இல் மைக்கேல் வென்ட்ரிஸ் வாசித்துக் காட்டிய லீனியர் பி என்ற மிகப் பழைய கிரேக்க எழுத்து அது. அசைக்கு ஒரு குறி; ல, ர இரண்டுக்கும் ஒரே வரிசைக் குறிகள்; மெய்க்கு முன் வரும் மெல்லின ஒற்று எழுதப்படாது; 'க்ஸ' என்பதை 'க-ச' என்று பிரித்தே எழுத முடியும். இந்த நான்கு விதிகளையும் மனத்தில் வைத்துப் படித்தால் 'அலெக்சந்த்ரா' கிடைக்கும். இதே பெயரின் பெண்பால் வடிவம்.

அதே நூற்றாண்டில், சுமார் கி.மு. 1280இல், ஹிட்டைட் பேரரசன் இரண்டாம் முவத்தல்லி, வில்லுசா என்ற நாட்டின் அரசன் 'அலக்சந்து' என்பவனோடு உடன்படிக்கை செய்தான். அந்தக் களிமண் ஆவணம் இன்றைய துருக்கியில் உள்ள ஹத்துசாவில் கிடைத்தது. வில்லுசா என்பது திராயின் மறுபெயரான இலியொஸ்தான் என்பதைப் பெரும்பாலான அறிஞர்கள் ஏற்கிறார்கள். திராய் அரசனொருவன் அலக்சந்து என்றிருக்க, காப்பியத்துத் திராய் இளவரசனும் அலெக்சந்த்ரொஸ் என்றிருப்பது சிந்திக்கத்தக்கது. பெயரே அனத்தோலியாவிலிருந்து, அதாவது இன்றைய துருக்கிப் பகுதியிலிருந்து, வந்ததோ என்று கேட்டவர்கள் உண்டு. இரண்டு உறுப்பும் கிரேக்கத்தில் தெளிவாகப் பொருள் தருவதும், மிகெனேயில் பெண்பால் வடிவம் வழங்கியதும் கிரேக்க மூலத்துக்கே வலுச் சேர்க்கின்றன.

மாசிதோனிய அரச குடும்பத்தில் இப்பெயரோடு மாவீரனுக்கு முன்பே இருவர் அரசாண்டார்கள். அவர்களில் முதலாம் அலெக்சாண்டர், தன் குலம் ஆர்கொஸ் என்ற கிரேக்க நகரிலிருந்து வந்தது என்று மெய்ப்பித்து ஒலிம்பியா போட்டியில் ஓடியதாக ஹெரொதோதொஸ் எழுதுகிறார். மாவீரன் அவ்வரிசையில் மூன்றாமவன். அவனுடைய தாய் ஒலிம்பியாஸின் உடன்பிறந்த தம்பியும், எபைரஸ் நாட்டு அரசனும், அலெக்சாண்டர்தான். 323இல் மாவீரன் பாபிலோனில் இறந்த பின் பிறந்த மகனுக்கும் அதே பெயர்.

நாணயம் சேகரிப்போர் அடிக்கடி தடுமாறும் ஓரிடத்தைச் சொல்ல வேண்டும். ஏறத்தாழ 17 கிராம் எடையுள்ள, நான்கு திரக்மா மதிப்புள்ள அவனுடைய வெள்ளி நாணயத்தில், ஒரு பக்கம் சிங்கத்தோல் போர்த்த ஹெராக்லிஸ் தலை, மறுபக்கம் அரியணையில் ஸீயஸ் இருக்கும். பக்கத்தில் எழுதியிருப்பது 'அலெக்சந்த்ரொஸ்' அல்ல, 'அலெக்சந்த்ரூ'. அது ஆறாம் வேற்றுமை. 'அலெக்சாண்டருடைய' நாணயம் என்று பொருள். கடைசி எழுத்து மாறியிருக்கிறதே என்று அதைப் போலி எனத் தள்ளிவிடக் கூடாது. அந்தப் பெயர் இருப்பதாலேயே அவன் காலத்து நாணயம் என்று விலை கொடுத்துவிடவும் கூடாது. அவன் இறந்து இருநூறு ஆண்டுக்கு மேலும் பல நகரங்கள் அதே உருவத்தோடும் அதே பெயரோடும் அடித்துக்கொண்டிருந்தன.

இந்தியாவுக்கு வருவோம். அசோகரின் 13ஆம் பெரும்பாறைக் கல்வெட்டு அம்தியோக என்ற யவன அரசனையும், அவனுக்கு அப்பாலுள்ள நான்கு அரசர்களையும் பெயர் சொல்லிக் குறிக்கிறது. துரமாய, அம்திகினி, மக, அலிகசுதர. கடைசிப் பெயர் நம் அலெக்சந்த்ரொஸ். இவன் மாவீரன் அல்ல; அசோகர் காலத்தில் வாழ்ந்த எபைரஸ் அரசனோ கொரிந்து ஆட்சியாளனோ ஆவான். அந்தப் பெயரை அடுத்து, தெற்கே என்று தொடங்கி, சோழரையும் பாண்டியரையும் தாம்பபம்னியையும் (இலங்கை) அதே கல்வெட்டு சொல்கிறது. தமிழ் மூவேந்தரில் இருவரின் பெயரும் இந்தக் கிரேக்கப் பெயரும் கி.மு. 3ஆம் நூற்றாண்டிலேயே ஒரே வரிசையில் நிற்கின்றன. இந்த இணைப்புக்குப் பாறையே சான்று. தங்கள் இணைப்பு சொல்லியிருக்க வேண்டியது இதைத்தான்.

கந்தன் என்ற குறிப்பு ஏன் தவறு என்பதற்கும் இந்தக் கல்வெட்டே முதல் சான்று. அன்று இந்தியச் செவியில் விழுந்த வடிவம் 'அலிகசுதர'. முன்னால் உள்ள 'அல்' அப்படியே இருக்கிறது. பல நூற்றாண்டு கழித்து எழுந்த இலங்கையின் மகாவம்சத்திலும், துட்டகாமணி மகாதூபம் எழுப்பிய விழாவுக்கு யவன பிக்கு மகாதம்மரக்கித வந்த நகரம் 'அலசந்த' என்றே இருக்கிறது. அலெக்சாந்திரியா என்ற நகரப் பெயர் அது. அங்கும் 'அல்' உதிரவில்லை. அது உதிர்ந்தது அரபு வழக்கில். அரபு மொழியில் 'அல்' என்பது பெயருக்கு முன் வரும் சுட்டு. அந்நியப் பெயரின் முதலசையை அதே சுட்டாக எடுத்துக்கொண்டு 'அல்-இஸ்கந்தர்' என்று பிரித்தார்கள். 'க்ஸ்' என்பது 'ஸ்க்' என்று இடம் மாறியது. எகிப்தின் நகரம் 'அல்-இஸ்கந்தரிய்யா' ஆனதும் இவ்வாறே. பாரசீக, உருது வழியில் முதல் இகரமும் போய்ச் சிக்கந்தர் ஆயிற்று.

'ஸ்கந்த' என்ற பெயரோ இந்த அரபு, பாரசீக வடிவங்களுக்கெல்லாம் முன்பே இருக்கிறது. சாந்தோக்ய உபநிடதத்தின் ஏழாம் அத்தியாய முடிவில் சனத்குமாரரை ஸ்கந்தர் என்கிறார்கள். கி.மு. 2ஆம் நூற்றாண்டில் பதஞ்சலி தம் மகாபாஷ்யத்தில் சிவன், ஸ்கந்தன், விசாகன் திருவுருவங்களைப் பேசுகிறார். இன்னும் தெளிவான சான்று குஷாண அரசன் ஹுவிஷ்கனின் நாணயம். கிரேக்க எழுத்திலேயே 'ஸ்கந்தொ', 'கொமாரொ' என்று பொறித்திருக்கிறது. அலெக்சந்த்ரொஸ் என்ற பெயரைத் தப்பில்லாமல் எழுதத் தெரிந்த எழுத்துமுறை, ஸ்கந்தனை வேறு பெயராகவே எழுதியிருக்கிறது. வடமொழி ஸ்கந்தனே தமிழில் கந்தன். ஒலி ஒத்திருப்பதை மட்டும் வைத்து இரு தெய்வ, மனிதப் பெயர்களை ஒன்றாக்கினால் காலவரிசை தலைகீழாகிவிடும்.

இஸ்கந்தர் வடிவம் கிழக்கே மலாய் உலகம் வரை சென்றது. அச்சே நாட்டை 1607 முதல் 1636 வரை ஆண்டவர் சுல்தான் இஸ்கந்தர் மூடா. மலேசியத் தமிழர் நன்கறிந்த ஜொகூரின் இஸ்கந்தர் புத்ரி நகரமும் இப்பெயரே. மேற்கே இத்தாலியில் அலெசாந்த்ரோ, ஸ்பெயினில் அலெஹாந்த்ரோ, ஹங்கேரியில் ஷாந்தோர், ஸ்காட்லாந்து கேலிக்கில் அலஸ்டர், ரஷ்யாவில் அலெக்சாந்தர், செல்லமாக சாஷா. அலெக்சியோஸ் மட்டும் தனிப்பெயர். முன்னுறுப்பு ஒன்றே ஆயினும் 'அந்த்ர்' அதில் இல்லை. நம்மூரில் 'அலெக்ஸ்' என்று சுருக்கும்போது இரண்டும் கலந்துவிடுகின்றன.

தமிழில் எழுதும் முறையிலும் ஒரு தெரிவு இருக்கிறது. 'ண்ட' என்பது ஆங்கில உச்சரிப்பின் வழி வந்தது. கிரேக்க ஒலிக்கு நெருக்கமானது 'ந்த'. தமிழ் விவிலியம் நெடுங்காலமாக 'அலெக்சந்தர்' என்றே எழுதுகிறது. சிலுவை சுமந்த சிரேனே ஊர் சீமோனின் மகன் ஒருவனும், பவுல் குறிப்பிடும் கன்னானும் அலெக்சந்தர்தான். மாவீரனுக்கு 'அலெக்சாண்டர்' என்பது நிலைத்துவிட்டதால் அதை மாற்றச் சொல்லவில்லை. பிள்ளைக்குப் பெயர் வைப்போர் எந்த வடிவத்தை எடுத்தாலும், பிறப்புச் சான்றிதழில் தமிழ், ஆங்கில எழுத்துக்கூட்டல்களை ஒருமுறை முடிவு செய்து எல்லா ஆவணங்களிலும் அதையே வைத்துக்கொள்ளட்டும். ஆங்கிலத்தில் கடைசி உயிரெழுத்து ஓரிடத்தில் 'இ' (e), ஓரிடத்தில் 'ஏ' (a) என்று மாறினால் கடவுச்சீட்டு நேரத்தில் இழுபறி வரும்.

அடுத்த ஞாயிறு இணைப்பில் இந்தப் பெயருக்கு 'தடுத்துக் காப்பவன்' என்று பொருளைத் திருத்தி, கந்தன் பற்றிய வரியை நீக்கி வெளியிடுமாறு கேட்டுக்கொள்கிறேன். அதே பட்டியலில் உள்ள பிலிப் என்ற பெயருக்கு 'குதிரைகளிடம் அன்புடையவன்' என்று கொடுத்திருந்தது சரியானது. அதை மாற்ற வேண்டாம்.

இப்படிக்கு,
தங்கள் வாசகர்