டெல்டாவுக்கு மாற்றலாகி வந்திருக்கும் அலுவலர்களுக்கு, வாசலில் மனு எழுதுகிறவன் எழுதுவது

வணக்கம்.

ஒரு தாலுகா ஆபீஸ் வாசலில், வேப்பமரத்தடியில் மனு எழுதிக் கொடுப்பவன் நான். பத்தொன்பது வருஷமாக அதே மேசை, நாற்காலிதான் மூன்று மாறியிருக்கிறது. போன மாதம் உங்களில் ஒருவர், நல்ல பிள்ளை, டீ குடிக்க வந்த இடத்தில் தான் போய்வந்த பயிற்சியில் உடல்மொழி வகுப்பு நடந்ததைச் சொன்னார். கையைக் குறுக்கே கட்டினால் மனசை மூடிக்கொண்டான், கண்ணைப் பார்க்காவிட்டால் பொய் சொல்கிறான், பேச்சில் சொல்லுக்கு 7 சதவீதம்தான் மதிப்பு, மீதியெல்லாம் குரலும் முகமும் என்று. கேட்டதிலிருந்து எனக்குத் தூக்கம் சரியில்லை.

அந்த 7 சதவீதக் கணக்கு ஆல்பர்ட் மெஹ்ராபியன் என்ற உளவியலாளர் 1967-ல் வெளியிட்ட ஆய்வுகளிலிருந்து வந்தது. ஒற்றைச் சொல்லை வெவ்வேறு குரலில் கேட்கவைத்து, முகப் படங்களைக் காட்டி, பேசுகிறவருக்கு எதிரில் இருப்பவரைப் பிடிக்கிறதா இல்லையா என்று ஊகிக்கச் சொன்ன சோதனைகள் அவை. எல்லாப் பேச்சுக்கும் இது பொருந்தாது என்று அவரே பின்னால் சொல்லிவிட்டார். அடங்கல், அதாவது எந்த நிலத்தில் என்ன பயிர் என்ற கிராமக் கணக்கின் நகல் கேட்டு வந்தவருடைய சர்வே நம்பர் வாய்ச்சொல்லில்தான் இருக்கும் அய்யா, முகத்தில் இருக்காது.

அப்புறம் இந்தக் கை கட்டும் விஷயம். எங்கள் பக்கத்தில் பெரியவர் எதிரே, வாத்தியார் எதிரே, சாமி சன்னதியில் கை கட்டித்தான் நிற்போம். தோளில் கிடக்கும் துண்டு வாசற்படி வந்ததும் கைக்கு இறங்கும், பிறகு அக்குளில் இடுங்கும், செருப்பு வெளியே நின்றுவிடும். இதெல்லாம் மரியாதை என்று மட்டும் சொன்னால் நான் பாதிதான் சொன்னவன் ஆவேன். 1968 டிசம்பர் 25 அன்று கீழ்வெண்மணியில் 44 பேர் குடிசைக்குள் எரிந்து செத்த மண் இது, கூலி உயர்வு கேட்ட விவசாயக் கூலிகளின் குடும்பங்கள். பண்ணையார் முன்னால் நிமிர்ந்து நின்றால் என்ன ஆகும் என்று கண்டவர்களின் பிள்ளைகளும் பேரன்களும்தான் உங்கள் மேசைக்கு முன்னால் நிற்கிறார்கள். உடம்பு அதை அவ்வளவு சீக்கிரம் மறக்காது.

இரண்டு வருஷத்துக்கு முன்னால் ஒரு பெரியவர் வந்தார். எந்த ஆபீஸ் என்று வேண்டாம். தை மாசத்து மழையில், அறுக்கத் தயாராக இருந்த சம்பா சாய்ந்து, தண்ணீரில் கிடந்து கதிரிலேயே முளைத்துவிட்டது. நிவாரணம் கேட்டு மனு. நிலம் யாருடையது என்று உள்ளே கேட்டிருக்கிறார்கள். அவர் தரையைப் பார்த்தாராம், எச்சில் விழுங்கினாராம், வேட்டி முனையைத் திருகினாராம். முடிந்தது கதை, இவன் எதையோ மறைக்கிறான் என்று மனு திரும்பி வந்துவிட்டது. மடத்து நிலம், குத்தகை இறந்துபோன அப்பா பெயரிலேயே இருக்கிறது, அண்ணன் தம்பிக்குள் பேச்சுவார்த்தை இல்லை. தம்பி மகன் அதே வரிசையில் இரண்டு ஆள் பின்னால் நிற்கும்போது இதை எப்படி உரக்கச் சொல்வார்? என்னிடம் மரத்தடியில் சொல்லவே அவருக்கு அரை மணி நேரமும் ஒரு டீயும் ஆயிற்று.

முகத்தைப் பார்த்தே பொய்யைப் பிடித்துவிடுவேன் என்று நினைக்காதீர்கள். இதற்கென்று நடந்த நூற்றுக்கணக்கான சோதனைகளைச் சேர்த்துப் பார்த்து 2006-ல் ஆய்வாளர்கள் சொன்னது, சராசரி மனிதன் 54 சதவீதம்தான் சரியாகச் சொல்கிறான் என்று. காசைச் சுண்டிப் போட்டாலே 50 வரும். கண்ணைத் தவிர்ப்பது பொய்க்கு அடையாளம் என்று உலகம் முழுக்க நம்புகிறார்கள், அது நம்பிக்கைதான்.

எங்கள் 'சரிங்க'வைப் பற்றியும் ஒரு வார்த்தை. தலையை இரண்டு பக்கமும் லேசாக ஆட்டி 'சரிங்க' என்றால் புரிந்தது என்று எழுதிவிடாதீர்கள். கேட்டுக்கொண்டிருக்கிறேன் என்பதற்கும் அதுதான், புரியவில்லை ஆனால் திரும்பக் கேட்டால் திட்டுவீர்கள் என்பதற்கும் அதுதான். புரிந்ததா என்று கேட்டால் ஆமாம் என்றுதான் வரும். "வீட்டில் போய் என்ன கொண்டுவரச் சொன்னேன் என்று சொல்லுவீங்க?" என்று கேட்டுப் பாருங்கள், நீங்கள் சொன்ன நான்கு காகிதத்தில் இரண்டு காணாமல் போயிருக்கும். பொம்பளைகளிடம் இன்னும் கவனம் வேண்டும். கூட வந்த ஆண் பேசப் பேச முந்தானையால் வாயை மூடிக்கொண்டு ஒரு 'ச்சு' மட்டும் கொட்டினால், அந்த அம்மா சொல்வது 'இல்லை' என்று அர்த்தமாக இருக்கலாம். அவரை நோக்கி ஒரு கேள்வி கேளுங்கள், போதும்.

குறிப்பறிதல் என்ற பெயரில் குறளில் இரண்டு அதிகாரம் இருக்கிறது, 71 ஒன்று, 110 ஒன்று. பின்னது காதலர்களுக்கு, அது உங்கள் சொந்த விஷயம். முன்னது அமைச்சியலில் வருகிறது, அரசன் முகத்தை அமைச்சன் படிப்பது என்றே உரைகள் சொல்லும். கீழே நிற்பவன் மேலே இருப்பவனைப் படிக்கிற வித்தை. அதில் எங்கள் ஆட்கள் கெட்டிக்காரர்கள். நீங்கள் கம்ப்யூட்டரை விட்டுக் கண்ணை எடுக்காததை, பேனா முனையால் 'அந்தப் பக்கம்' என்று காட்டுவதை, காகிதத்தை வாங்காமல் மேசையில் வைக்கச் சொல்வதை, வெளியே வந்ததும் அப்படியே நடித்துக் காட்டுவார்கள். சிரிப்பார்கள், ஆனால் அடுத்த தடவை வரமாட்டார்கள், ஒரு தரகரை அனுப்புவார்கள்.

மேசைக்கு முன்னால் ஒரு நாற்காலி போடுங்கள். உட்கார மாட்டார்கள், இரண்டாவது தடவை சொன்னால் விளிம்பில் உட்காருவார்கள். ஊர் முழுக்கக் கேட்கிற கேள்வியைத் தள்ளி நின்று தாழ்ந்த குரலில் கேளுங்கள். இதற்கு அரசாணை எதுவும் வேண்டியதில்லை.

அந்தப் பெரியவருக்கு மனுவைத் திருப்பி எழுதியிருக்கிறேன். நிவாரணக் காலம் தாண்டிவிட்டது, இது குத்தகையைப் பெயர் மாற்றக் கேட்டு. திங்கட்கிழமை வருகிறார். துண்டு அக்குளில் இருக்கும், கை கட்டியிருப்பார், உங்கள் கண்ணைப் பார்க்க மாட்டார். அப்பாவுடைய குத்தகை ரசீதுகளை மஞ்சப்பையில் வைத்திருக்கிறார், கேட்டால்தான் எடுப்பார்.