அக்கா, கரிகாலன் செத்துத்தான் போனான்

அக்கா,

அம்மாவின் ஆண்டுத் திவசம் முடிந்த கையோடு முடிவெடுத்துவிட்டேன். நான் எழுதிய நாவல் அச்சுக்குப் போகிறது.

அம்மா இருக்கும்வரை வெளியிடாதே என்றீர்கள். கேட்டேன். இப்போது “எங்கட வீட்டு விசயத்தை ஏனடி ஊருக்குச் சொல்லுறாய்?” என்கிறீர்கள். ஃபோனில் இதற்குப் பதில் சொல்ல எனக்கு வரவில்லை. நீங்கள் குரலை உயர்த்தினால் நான் இன்றைக்கும் சின்னப் பிள்ளையாகிவிடுகிறேன். தனியாக எழுதி அனுப்பியவற்றுக்கோ பதில் வந்ததில்லை. அதனால்தான் நாலு பேர் பார்க்க எழுதுகிறேன். உங்களுக்குப் பிடிக்காது என்று தெரியும்.

நாவல் வாசிக்க எனக்குப் பழக்கியதே நீங்கள்தான். எழுபதுகளில் இந்தியச் சஞ்சிகைகளின் இறக்குமதியைக் கட்டுப்படுத்தியபோது அப்பா புறுபுறுத்ததும், அந்த இடத்தை வீரகேசரிப் பிரசுரங்கள் நிரப்பியதும் நீங்கள் சொல்லித்தான் எனக்குத் தெரியும். செங்கை ஆழியானின் ‘வாடைக்காற்று’ 1973இல் அப்படி வந்த புத்தகம். பத்து வயதில் அதை என் கையில் தந்து, “பார், நெடுந்தீவுச் சனமும் கதையில வருது” என்றீர்கள். சோழ இளவரசர்களுக்குத்தான் கதை உண்டு என்று நினைத்துக்கொண்டிருந்த எனக்கு அது எவ்வளவு பெரிய செய்தி! எங்கள் சனத்தைக் கதையில் எழுதலாம் என்று சொல்லித்தந்தவர் இப்போது எழுதாதே என்றால் நான் என்ன செய்வது?

சரி, அந்த வகுப்பறைக்கு வருகிறேன். நாவலில் உங்களுக்குக் கோபம் வரப்போகும் இடமும் அதுதான்.

1983 ஜூலைக் கடைசி, கொழும்பில் தமிழரை அடித்து விரட்டிய கலவர நாட்கள். பம்பலப்பிட்டிப் பக்கம் அகதி முகாமாகிவிட்ட ஒரு பள்ளிக்கூடம், மேல்மாடி. எப்படி அங்கே வந்து சேர்ந்தோம் என்பதை உங்களுக்குச் சொல்லத் தேவையில்லை, மற்றவர்களுக்குச் சொல்லவும் இப்போது விருப்பமில்லை. வாங்குகளைச் சுவரோரம் ஒதுக்கிவிட்டு, கிடைத்த சீலைகளை விரித்து, ஏழெட்டுக் குடும்பம் அந்த ஒரே அறையில் படுத்திருந்தது. கரும்பலகையில் யாரோ ஒரு வாத்தியார் பாதியில் விட்டுப்போன பின்னக் கணக்கு இருந்தது. நீங்கள் அதை அழிக்கவில்லை. அதற்குக் கீழே மிச்சமிருந்த இடத்தில் சோக்கால் கோடிக்கரையைக் கீறினீர்கள். மூக்கு மாதிரி நீண்ட ஒரு முனை, அப்புறம் கடல், அப்புறம் இலங்கை. நடுவே புள்ளி புள்ளியாக, வந்தியத்தேவனை ஏற்றிக்கொண்டு பூங்குழலியின் படகு போன வழி.

அப்பாவின் பைண்ட் புத்தகங்கள் அதற்கு முன்பே போய்விட்டன. நீங்கள் ஞாபகத்திலிருந்தே கல்கியின் பொன்னியின் செல்வனைச் சொன்னீர்கள். ‘புது வெள்ள’த்தில் தொடங்கி, பாகம் பாகமாக, இரவில் வெளிச்சம் இல்லாத நேரத்தில்கூட. நந்தினியை மட்டும் சுருக்கினீர்கள், சின்னப் பிள்ளைகள் கேட்கிறார்கள் என்று. அநுராதபுரத்தில் வீடு இடிந்து விழ முன்னம் ஊமை ராணி அருள்மொழியைக் காப்பாற்றும் இடத்தில் தாய்மார்கூடத் தலையைத் திருப்பிக் கேட்டார்கள். ஒரு பெடியன் கரும்பலகையைக் காட்டி, “நாங்கள் காங்கேசன்துறைக்குப் போற கப்பலும் இந்த வழியாலதான் போகுமோ அக்கா?” என்று கேட்டான். நீங்கள் யோசிக்காமல் “ஓம்” என்றீர்கள். உங்களுக்குப் பதினேழு வயது. இவ்வளவு தைரியம் உங்களுக்கு எங்கிருந்து வந்தது என்று நான் அப்போது ஒருநாளும் யோசித்ததில்லை. இப்போது என் மகளுக்கு அந்த வயது, யோசிக்காமல் இருக்க முடியவில்லை.

கடம்பூர் மாளிகை வந்தது. விளக்கு அணைந்தது, பட்டத்து இளவரசன் ஆதித்த கரிகாலன் விழுந்தான் என்று சொல்லிவிட்டு, “ஆனால் அவன் சாகேல்லை. காயந்தான். பூங்குழலி வந்து படகில ஏத்திக்கொண்டு போட்டாள்” என்றீர்கள். நான் எழும்பி நின்று கத்தினேன். “பொய் சொல்லுறியள்! அவன் செத்துப்போனான். கல்கி அப்படித்தான் எழுதியிருக்கிறார்!”

“கல்கிக்கு எல்லாம் தெரியுமே?” என்று கேட்டுக்கொண்டே என் கையில் நுள்ளினீர்கள். அந்தப் பெடியன் அழத் தொடங்கினான். அவனுடைய தகப்பன் அதுவரை முகாமுக்கு வந்து சேரவில்லை. அது உங்களுக்குத் தெரிந்திருந்தது, எனக்குத் தெரியாது. அவனைப் பற்றி இதோடு நிறுத்துகிறேன். அவனுக்கு இப்போது நாற்பத்தைந்து தாண்டியிருக்கும், இதை வாசிக்கவும் கூடும்.

மன்னியுங்கள் அக்கா. இத்தனை காலம் இந்தச் சொல்லை உங்களிடம் நான் சொல்லவில்லை. ஆனால் கேட்கிறேன், பதினொரு வயதுப் பிள்ளைக்கு ஒருவரும் ஒன்றும் சொல்லாமல் வைத்திருந்தது யார்? எல்லாரும் என் தலைக்கு மேலால் கதைத்தீர்கள். எனக்கு நிச்சயமாகத் தெரிந்த ஒரே ஒரு விசயம் அந்தக் கதைதான். அதையும் மாற்றினால் நான் எதைப் பிடித்துக்கொள்வது?

வளர்ந்த பிறகு உடையார்குடிக் கல்வெட்டைப் பற்றி வாசித்தேன். காட்டுமன்னார்கோயிலில் அனந்தீசுவரர் கோயிலில் இருப்பது, இராஜராஜனின் இரண்டாம் ஆட்சியாண்டைச் சேர்ந்தது. பாண்டியன் தலைகொண்ட கரிகாலச் சோழனைக் கொன்ற துரோகிகள் என்று சோமன், இரவிதாசன், பரமேசுவரன் ஆகியோரைப் பெயர் சொல்லி, அவர்களைச் சேர்ந்தவர்களின் நிலம் பறிபோனதைப் பதிந்திருக்கிறது. கல்கி அந்தக் கல் சொன்னதை மாற்றவில்லை. அதைச் சுற்றி இருந்த இருட்டில்தான் நந்தினியைக் கொண்டுவந்து நிறுத்தினார். கத்தி யாருடையது என்பதைக் கடைசிவரை அவிழ்க்கவுமில்லை. 1950இல் தொடங்கி 1954 வரை வாரா வாரம் அந்தக் கதையை எழுதியவர், செத்தவனை மட்டும் எழுப்பவில்லை. சரித்திர நாவலுக்கு நான் வைத்திருக்கும் அளவு அதுதான். என் நாவலில் தெருவை மாற்றியிருக்கிறேன். அப்பாவின் வேலையை, உங்கள் பெயரை, எத்தனை பிள்ளைகள் என்பதைக்கூட மாற்றியிருக்கிறேன். அந்த இரவை மட்டும் மாற்றவில்லை.

உங்கள் பயம் எனக்குப் புரிகிறது. அசோகமித்திரனின் ‘பதினெட்டாவது அட்சக்கோடு’ ஞாபகமிருக்கிறதா? செகந்தராபாத்தில் கிரிக்கெட் ஆடித் திரிகிற சந்திரசேகரன், 1948இல் ஹைதராபாத் விழுந்த நாட்களில், சுவரேறிக் குதித்துப் போன வீட்டில் ஒரு பெண்ணைக் காண்கிறான். அவள் என்ன செய்கிறாள் என்பதை நான் இங்கே எழுதப்போவதில்லை. அவன் ஓடுகிறான், நாவல் அங்கே முடிகிறது. ஒரு பையன் வளர்ந்து ஆளாகிற கதைகளில் அதைவிட உண்மையான ஒன்றை நான் வாசித்ததில்லை. மீண்டெழுந்தான், சாதித்தான் என்று ஒரு வரி இல்லை. வெட்கம் அவனைப் பெரியவனாக்குகிறது, அவ்வளவுதான். அந்தப் புத்தகத்தை நான் முடித்த அன்றிரவு உங்களுக்குக் கோல் எடுத்தேன். நீங்கள் அழுதீர்கள், நானும் அழுதேன், ஒருவரும் ஏன் என்று கேட்கவில்லை. நீங்கள் நினைப்பது மாதிரி ஒரு வரிகூட என் நாவலில் இல்லை. அதற்கு மேல் இங்கே வேண்டாம்.

ஆனால் ஒன்று கேட்க வேண்டும். போன வருடம் உங்கள் ஊரில் ஒரு மேடையில், “கனடாவுக்கு வந்துதான் நான் ஆர் எண்டு எனக்கே தெரிஞ்சது” என்று பேசினீர்கள். கைதட்டல் நின்றபாடில்லை. வீடியோவை அம்மாவும் பார்த்தார். அவருக்கு அது கடைசி வருடம். அவர் ஒன்றும் சொல்லவில்லை, எனக்குத்தான் வயிறு எரிந்தது.

இந்த மாதிரி நாவல்களில் எப்போதும் போகிறவர்தான் வளர்கிறார். மார்ட்டின் விக்கிரமசிங்கவின் ‘மடோல் தூவ’வில் உபாலியும் ஜின்னாவும் வீட்டைவிட்டு ஓடி, ஆளில்லாத தீவை வெட்டித் திருத்தித்தான் ஆளாகிறார்கள். 1994இல் ஷியாம் செல்வதுரை ஆங்கிலத்தில் எழுதிய ‘Funny Boy’ நாவல் எங்கள் கொழும்பின் கதை, எங்கள் ஜூலையின் கதை. அதிலும் ஆர்ஜியின் குடும்பம் கடைசியில் கனடாவுக்குத்தான் புறப்படுகிறது. இரண்டும் எனக்கு உயிர். இருந்தும் கேட்கிறேன், போகாதவளுக்கு என்ன கதை? வெள்ளவத்தையிலேயே இருந்து, பொலிஸ் பதிவுத் துண்டை ரவிக்கைக்குள் வைத்துக்கொண்டு வேலைக்குப் போய், 2007 ஜூனில் விடுதிகளில் தங்கியிருந்த தமிழர்களைப் பஸ்களில் ஏற்றி வவுனியாவுக்கு அனுப்பியபோது அம்மாவின் கையைப் பிடித்துக்கொண்டு விடியும்வரை கதவைப் பார்த்துக்கொண்டிருந்தவள் வளரவில்லையா? நான் ஆர் என்று எனக்கும் தெரியவந்தது அக்கா. காலி வீதியைத் தாண்டிப் போகாமலே தெரியவந்தது.

நீங்கள் அனுப்பிய காசில்தான் இந்த பிளாட் வாங்கினோம். என் படிப்பும் அதில்தான். குளிரில் இரண்டு வேலை செய்து அனுப்பினீர்கள் என்பதை நான் மறந்தால் எனக்குச் சோறு இறங்காது. அதையும் நாவலில் எழுதியிருக்கிறேன். அந்த அத்தியாயத்தைத் தட்டச்சு செய்து தந்த பிள்ளை, இந்த அக்கா உண்மையில் இருக்கிறாரா என்று கேட்டாள். இருக்கிறார், பொல்லாதவர் என்றேன்.

தமிழ்ச் சங்க நூலகத்துக்கு ஒரு பிரதி கொடுப்பேன். அதில் கொடுப்பவர் பெயராக அம்மாவின் பெயரைத்தான் எழுதப்போகிறேன். அதற்காவது சம்மதம் சொல்லுங்கள்.

கரும்பலகை அத்தியாயத்தை இன்று உங்களுக்கு அனுப்பியிருக்கிறேன். அதில் ஒரு பக்கம் வெறுமையாக இருக்கும். நான் கத்திவிட்டு, நுள்ளு வாங்கி, அழுது நித்திரையாகிவிட்டேன். அதற்குப் பிறகு அந்தப் பெடியனிடம் நீங்கள் என்ன சொன்னீர்கள்? கரிகாலன் படகில் போய்ச் சேர்ந்தானா, இல்லை உண்மையைச் சொன்னீர்களா? அம்மாவிடம் கேட்டேன், அவருக்கும் ஞாபகமில்லை. உங்களைத் தவிர அது தெரிந்தவர் யாரும் இல்லை. மாத முடிவுக்குள் அச்சகத்துக்குக் கொடுக்க வேண்டும், அதற்குள் எழுதி அனுப்புங்கள். நீங்கள் எழுதுவதில் ஒரு எழுத்தையும் மாற்றமாட்டேன்.

தங்கச்சி