ஒரு சொட்டு பென்சின்: பிளஸ் டூ இயற்பியல் ஆசிரியர்களுக்கு ஒரு திறந்த மடல்

மதிப்பிற்குரிய ஆசிரியர்களுக்கு,

வணக்கம். எல்.இ.டி.யின் வரலாற்றை இரண்டே வரியில் முடிப்பவர்கள் பலர்: 1907-இல் ஹென்றி ரவுண்ட் மின்னோட்டம் பாய்ந்த படிகத்தில் ஒளியைப் பார்த்தார், 1962-இல் நிக் ஹோலோன்யாக் சிவப்பு எல்.இ.டி. செய்தார். நடுவில் ஐம்பத்தைந்து ஆண்டுகள் யாருமே ஒன்றும் செய்யவில்லையா? அந்த இடைவெளியில் நிற்பவர் ஓலெக் லோசெவ். அவருக்காக ஒரு வகுப்பில் பத்து நிமிடம் ஒதுக்குங்கள் என்று கேட்கவே இந்த மடல்.

லோசெவ் 1903-இல் ரஷ்யாவின் த்வெர் நகரில் பிறந்தவர். கல்லூரிப் பட்டம் கிடையாது. நீஷ்னி நோவ்கொரோத் வானொலி ஆய்வகத்தில் வேலை பார்த்தார். 1922-இல் ஜிங்கைட் (துத்தநாக ஆக்சைடு கனிமம்) படிகத்தின் மேல் மெல்லிய கம்பியைத் தொடவைத்து, சில வோல்ட் மின்னழுத்தத்திலேயே வானொலிக்கு வேண்டிய மின் அலைவுகளை உண்டாக்கினார். அந்த வேலைக்கு, இழையைச் சூடாக்கியே தீரவேண்டிய வால்வுகளின் (வெற்றிடக் குழாய்களின்) காலம் அது. அவருக்கு வயது பதினெட்டுதான்!

அப்புறம் கார்போரண்டம், அதாவது சிலிக்கன் கார்பைடு. மின்னோட்டம் பாயும்போது கம்பிமுனை படிகத்தைத் தொடும் இடத்தில் ஒரு ஒளிப்புள்ளி தெரிகிறது. ரவுண்டும் இதைப் பார்த்துச் சிறு குறிப்பாக எழுதியிருந்தார், அவ்வளவுதான். லோசெவ் விடவில்லை. சூட்டினால் ஒளிர்கிறதா? ஒளிரும் படிகத்தின் மேல் ஒரு சொட்டு பென்சின் விட்டுப் பார்த்தார். சூடு பட்டால் சட்டென்று ஆவியாகிவிடும் திரவம் மெதுவாகத்தான் போனது. ஆக, சூட்டினால் வந்த ஒளி அல்ல. இந்த ஒரு சோதனைக்காகவே அவரை வகுப்பறைக்குக் கொண்டுவரலாம்.

மின்னோட்டம் எந்தத் திசையில் போனால் எப்படி ஒளிர்கிறது என்று பார்த்து, இரண்டு வகை ஒளிர்தலைப் பிரித்தார். ஒளியை வேகமாக அணைத்து ஏற்றலாம் என்று கண்டு, அதைச் செய்தி அனுப்பப் பயன்படுத்தும் கருவிக்குக் காப்புரிமை கேட்டார். ஐன்ஸ்டைன் விளக்கிய ஒளிமின் விளைவு (ஒளி பட்டால் எலக்ட்ரான் வெளிவருவது) தலைகீழாக நடக்கிறது என்பது அவருடைய விளக்கம். குறைக்கடத்திகளுக்கு ஆலன் வில்சன் பட்டைக் கொள்கை (எலக்ட்ரான்களின் ஆற்றல் பட்டைகளை வைத்து மின்கடத்தலை விளக்குவது) தந்தது 1931-இல். இன்றைய எல்.இ.டி.யில் ஒளி பிறக்கும் இடமான பி-என் சந்தி ரஸ்ஸல் ஓலின் கண்ணில் பட்டது அதற்கும் பிறகு. இரண்டும் இல்லாத காலத்தில் இவ்வளவு தூரம் வந்தவர் லோசெவ்.

1938-இல் ஆய்வேடு இல்லாமலே முனைவருக்கு இணையான பட்டம் கொடுத்தார்கள். 1942 ஜனவரியில், ஜெர்மானிய முற்றுகையில் சிக்கிய லெனின்கிராடில், பட்டினியால் இறந்தார். வயது 38.

அவரை 'எல்.இ.டி.யின் தந்தை' ஆக்கச் சொல்லவில்லை. நம் ஊரில் தந்தைகளுக்குப் பஞ்சமே இல்லை. 1928-இல் 'பிலசாஃபிகல் மேகசின்' இதழில் அவர் எழுதிய கட்டுரை ஆங்கிலத்தில்தான் இருக்கிறது. அதில் இரண்டு பக்கத்தையாவது மாணவர்களிடம் கொடுங்கள். பென்சின் சோதனையைச் சொல்லி, முடிவை மட்டும் மறைத்து, அவர்களையே ஊகிக்கச் சொல்லுங்கள். தயவுசெய்து, பிறந்த ஆண்டைக் கேட்டு ஒரு மதிப்பெண் கேள்வியாக்கி விடாதீர்கள்.

அன்புடன்,
இயற்பியல் வாசகர் ஒருவர்