11 வயதுப் பையனுக்கு முயல்குட்டிக் கதையா?

அன்புள்ள ஆசிரியருக்கு,

வணக்கம். பூவண்ணனின் குழந்தை இலக்கியப் பணி பற்றிச் சென்ற இதழில் வந்த கட்டுரையைப் படித்தேன். சிறுவர்களுக்குக் கதையும் நாவலும் எழுதியவரே 'குழந்தை இலக்கிய வரலாறு' எழுதவும் உட்கார்ந்தார் என்பது பெரிய விஷயம். நம் திறனாய்வாளர்கள் பலர் இந்தப் பக்கம் திரும்புவதே இல்லை. பெரியவர்கள் நாவலுக்குப் பத்துப் பக்கம் எழுதுவார்கள். சிறுவர் நூல் என்றால் 'எளிய நடை, நல்ல கருத்து', அதோடு சரி.

யாருக்கு எளிய நடை? மொரீசியஸில் தொடக்கப் பள்ளியில் தமிழ் சொல்லித்தருகிறவள் நான். எங்கள் பிள்ளைகள் வீட்டில் பேசுவது கிரியோல். பள்ளியில் ஆங்கிலமும் பிரெஞ்சும். தமிழ் விருப்பப் பாடம். மோகாவில் உள்ள மகாத்மா காந்தி நிறுவனத்தின் பாடநூலுக்கு மேல் ஏதாவது படிக்கட்டுமே என்று சென்னையிலிருந்து புத்தகம் வரவழைப்பேன். அட்டையில் '6 முதல் 8 வயது' என்று போட்டிருப்பதைத்தான் என் ஆறாம் வகுப்புப் பிள்ளைகள் எழுத்துக்கூட்டிப் படிக்க முடியும். உள்ளே பார்த்தால் பல் தேய்க்கும் முயல்குட்டி. பிரெஞ்சில் துப்பறியும் கதை படிக்கிற 11 வயதுப் பையன், பக்கத்தில் இருப்பவன் பார்ப்பதற்குள் அதைப் பையில் திணித்துவிடுகிறான்.

கவிமணியின் பசுவும் கன்றும் பாட்டு மட்டும் இங்கே தோற்றதே இல்லை. ஓர் அடி 'வெள்ளைப்பசு' என்று முடிகிறது, அடுத்தது 'கன்றுக்குட்டி' என்று. மாறுவதெல்லாம் அவை செய்யும் வேலைதான். நான் முன்பாதியைச் சொன்னால், பொருள் தெரியாத பிள்ளையும் கடைசிச் சொல்லைக் கூவிவிடும். அப்புறம் 'நக்குது', 'முட்டிக் குடிக்குது' எல்லாம் நடித்துக் காட்டினாலே ஒட்டிக்கொள்ளும். ஒரு பாட்டு பிள்ளையின் வாயில் எப்படி நிற்கிறது என்று இப்படிப் பிரித்துக் காட்டும் விமர்சனத்தை நான் அதிகம் பார்த்ததில்லை. நீதி என்ன என்றுதான் தேடுகிறார்கள்.

ஒரு விண்ணப்பம். சிறுவர் நூல் மதிப்புரைகளில் வாக்கியங்கள் எவ்வளவு நீளம், பேச்சு வழக்கு எவ்வளவு என்று சொல்லச் சொல்லுங்கள். வட்டார வழக்கு உங்கள் ஊர்ப் பிள்ளைக்கு இனிக்கும்; அகராதியும் கையுமாகப் படிக்கும் எங்கள் பிள்ளை 'வந்துக்கிட்டு' என்பதை எங்கே போய்த் தேடும்? கதை எந்த வயதுக்கு, மொழி எந்த வயதுக்கு என்று தனித்தனியே குறிப்பிட்டால், எங்களுக்குத் தபால் செலவாவது மிச்சமாகும்.

இப்படிக்கு,
ஒரு தமிழாசிரியை,
ரோஸ் ஹில், மொரீசியஸ்